கரும்பை விடுவதா, குறைப்பதா?

கேள்வி: ஐயா, வணக்கம். எங்கள் ஊர் திருக்கோவிலூர் பக்கம், தென்பெண்ணை ஆற்றை ஒட்டியது. ஊரைச் சுற்றிக் கரும்புதான். அப்பாவுக்கு 63 வயது. நாலு ஏக்கர், கிணற்றுப் பாசனம். முப்பது வருஷமாக ஆலைக்குப் பதிவுக் கரும்பு போடுகிறார். நான் சென்னையில் வேலை பார்க்கிறேன். 2024-25 அரவையில் எங்கள் முதல் மறுதாம்புக் கரும்பு (வெட்டிய கட்டையிலிருந்து மறுபடி துளிர்த்தது) 14 மாதம் வயலில் நின்றது. ஆலையிலிருந்து வெட்டு உத்தரவு வந்தும் ஆள் கிடைக்கவில்லை. கடைசியில் வந்தவர்கள் டன்னுக்கு 1,200 ரூபாய் வாங்கினார்கள். சாப்பாடு, டிராக்டர் டிரைவர் படி எல்லாம் தனி. ஏக்கருக்கு 45 டன் வரும் என்று அப்பா நினைத்திருந்தார், 34 டன்தான் வந்தது. டன்னுக்கு 3,500 என்று பேப்பரில் போட்டார்கள். ஆலையிலிருந்து வந்தது 3,151, அதுவும் நாலு மாதம் கழித்து. ஊரில் பலர் சவுக்குக்கு மாறிவிட்டார்கள். வெல்லம் காய்ச்சலாம் என்கிறார் சித்தப்பா. ஆலையின் கரும்பு உதவியாளரோ சொட்டு நீர் போட்டு நாற்று நடச் சொல்கிறார், அதற்கு வங்கிக் கடன் படிவத்தில் அப்பாவின் கையெழுத்தும் கேட்கிறார். இப்போது நிற்பது இரண்டாம் மறுதாம்பு. ‘கரும்பை விட்டுவிடுங்கள்’ என்றால் அப்பா பேச்சையே நிறுத்திவிடுகிறார். நாங்கள் என்ன செய்யலாம்?

— பெயர் வேண்டாம், கள்ளக்குறிச்சி மாவட்டம்

பதில்: தம்பி, பணக் கணக்கை முதலில் முடித்துவிடுவோம்.

2024-25 பருவத்துக்கு மத்திய அரசு வைத்த விலை குவிண்டாலுக்கு 340 ரூபாய். அது சர்க்கரைக் கட்டுமானம், அதாவது நூறு கிலோ கரும்பில் இறங்கும் சர்க்கரை, 10.25 சதவீதம் உள்ள ஆலைக்கு. கட்டுமானம் 9.5 சதவீதமோ அதற்குக் கீழோ இருந்தால் 315 ரூபாய் 10 காசு. நம் பக்கத்து ஆலைகளில் பெரும்பாலும் இரண்டாவது கணக்குதான். டன்னுக்கு 3,151 வந்தது அப்படித்தான். மீதி 349 ரூபாய் தமிழக அரசு தரும் சிறப்பு ஊக்கத்தொகை. ஆலை தருகிற பணம் அல்ல அது, அரவை முடிந்த பிறகு தனியாக விவசாயியின் வங்கிக் கணக்குக்கு வருவது. நாலு ஏக்கருக்கு 136 டன் என்றால் 47,464 ரூபாய். அப்பாவின் பாஸ்புக்கில் பதிவு போட்டுப் பாருங்கள். வரவில்லை என்றால் ஆலையின் கோட்ட அலுவலகத்தில் பட்டியலில் பெயர், கணக்கு எண், ஐ.எஃப்.எஸ்.சி. மூன்றும் சரியாக இருக்கிறதா என்று கேளுங்கள். முக்கால்வாசி நேரம் சிக்கல் அங்கேதான் இருக்கும்.

இன்னொன்று, கட்டுமானம் என்பது ஆலை முழுவதற்குமான சராசரி. உங்கள் அப்பா வயலில் கரும்பு எவ்வளவு இனித்தாலும், பக்கத்து வயலின் தண்ணீர்க் கரும்புக்கும் அதற்கும் ஒரே விலை. இந்த முறை நியாயமில்லை என்பது என் கருத்து. ஆனால் இன்றைக்கு நடைமுறை இதுதான்.

நாலு மாதத் தாமதத்துக்கு வருகிறேன். 1966ஆம் ஆண்டின் கரும்புக் கட்டுப்பாட்டு ஆணைப்படி, கரும்பு கொடுத்த 14 நாளுக்குள் ஆலை பணம் தர வேண்டும். தவறினால் ஆண்டுக்கு 15 சதவீத வட்டி. உங்கள் கணக்கில் 136 டன்னுக்கு 4,28,536 ரூபாய். அதற்கு மூன்றரை மாத வட்டி பதினெட்டாயிரத்துச் சொச்சம் வருகிறது. கேட்காதவருக்கு எந்த ஆலையும் இதைத் தானாகக் கொடுத்து நான் பார்த்ததில்லை. எடைச் சீட்டுகளின் நகலை வைத்து ஆலை நிர்வாகத்துக்குப் பதிவுத் தபாலில் ஒரு கடிதம், சென்னை நந்தனத்தில் உள்ள சர்க்கரைத் துறைத் தலைமை அலுவலகத்துக்கு அதன் பிரதி, ஆட்சியர் நடத்தும் மாதாந்திர விவசாயிகள் குறைதீர் கூட்டத்தில் ஒரு மனு. நிலுவையை வருவாய் பாக்கி போல வசூலிக்க ஆணையிலேயே வழி இருக்கிறது. தனியாகப் போகாதீர்கள். உங்கள் ஊரில் அதே ஆலைக்குக் கொடுத்த பத்துப் பேர் சேர்ந்து எழுதினால் கடிதத்துக்குப் பதில் வரும்.

சரி, இந்தத் தொகைகள் வந்துசேர்ந்தாலும் உங்கள் வீட்டுப் பிரச்சினை தீராது. உங்கள் கடிதத்தில் என் கண்ணில் பட்டது ‘14 மாதம்’ என்ற ஒரு சொல்தான்.

நடவுக் கரும்புக்குப் பன்னிரண்டு மாதம் என்று நாம் பழகிவிட்டோம். மறுதாம்பு அதற்கு ஒரு மாதம் முன்பே முற்றிவிடும். ஆக உங்கள் கரும்பு இரண்டு மாதம் அல்ல, மூன்று மாதம் கூடுதலாக நின்றிருக்கிறது. முற்றிய கரும்பு வெயிலில் நிற்க நிற்க உள்ளே நெட்டி விழும் (சாறில்லாமல் பஞ்சுபோல ஆகும்), கணு காயும், எடை குறையும். பூத்த கரும்பு என்றால் இன்னும் வேகமாக. 45 டன் 34 ஆனதற்குக் காரணம் இது மட்டும் என்று சொல்ல மாட்டேன். மறுதாம்பில் விட்டுப்போன தூர்களை நிரப்பினீர்களா, இடைக்கணுப் புழு எவ்வளவு என்று வயலைப் பார்க்காமல் தெரியாது. ஆனாலும் பெரிய பங்கு வயலில் காய்ந்ததுதான் என்று தைரியமாகச் சொல்வேன்.

இதில் ஒரு வேடிக்கை பாருங்கள். 2011-12இல் தமிழ்நாட்டு ஆலைகள் 20 லட்சம் டன்னுக்கு மேல் சர்க்கரை எடுத்தன. இன்றைக்கு அதில் பாதிகூடக் கிடையாது. வறட்சி, நிலுவை, ஆள் பற்றாக்குறை என்று வரிசையாக வந்து, பல ஆலைகள் கரும்பு போதாமல் அரவையைச் சீக்கிரமே முடிக்கின்றன, சில மூடியே கிடக்கின்றன. அங்கே ஆலை கரும்புக்குக் காத்திருக்கிறது, இங்கே உங்கள் கரும்பு காய்கிறது. நடுவில் இல்லாதது வெட்டுகிற கை. இதைப் புரிந்துகொண்டால் உங்கள் கேள்வியே மாறிவிடும். கரும்பு வேண்டுமா வேண்டாமா என்பதை விடுங்கள். உரிய நாளில் எத்தனை ஏக்கரை வெட்டி அனுப்ப முடியும்? அவ்வளவுதான் நட வேண்டும். தண்ணீரை வைத்து நடவைத் தீர்மானித்த காலம் உங்கள் அப்பாவுடையது. இப்போது வெட்டை வைத்துத் தீர்மானிக்க வேண்டும்.

வெட்டு ஆட்களைப் பற்றி நீங்கள் எழுதிய தொனியில் கொஞ்சம் கோபம் தெரிகிறது. 136 டன்னுக்கு 1,63,200 ரூபாய், ஆலை கொடுத்த பணத்தில் 38 சதவீதம். எரிச்சல் வரத்தான் செய்யும். ஆனால் கணவனும் மனைவியும் ஜோடியாக விடியற்காலையில் இறங்கி, தோகை அறுத்த கையோடு வெட்டி, கொழுந்தாடை கழித்து, கட்டுக் கட்டி, தலையில் தூக்கி, பலகை மீது ஏறி டிராக்டரில் அடுக்குகிறார்கள். பிள்ளை வரப்பில் துணித் தூளியில் கிடக்கும். அந்த 1,200இல் மேஸ்திரி எடுப்பது போக, வாங்கிய முன்பணத்தில் கழிவது போக, அவர்கள் கையில் என்ன நிற்கிறது என்று ஒருநாள் உட்கார்ந்து கேளுங்கள். முன்பணத்தைக் காட்டி ஆளைப் பிடித்து வைப்பது 1976ஆம் ஆண்டுச் சட்டப்படி கொத்தடிமைக் குற்றம். நம் மாவட்டங்களில் கரும்பு வெட்டில் அது இன்னும் முழுசாக ஒழியவில்லை. ஆகவே மேஸ்திரியிடம் ‘எப்படியாவது ஆளைக் கொண்டு வா’ என்று பணத்தைத் திணிக்காதீர்கள். நல்ல தண்ணீர், நிழலுக்கு ஒரு கொட்டகை, கூலியை வெட்டு முடிந்த அன்றைக்கே கொடுப்பது, முடிந்தால் ஜோடியின் கையிலேயே. இப்படி நடத்துகிற வயலுக்கு மறுவருஷம் கூப்பிடாமலே செட்டு (வெட்டு ஆட்கள் குழு) வரும்.

அவர்களிடம் நீங்கள் கறாராகக் கேட்க வேண்டியது வேறொன்று. வெட்டின பிறகு வயலில் இறங்கிக் கட்டையைப் பாருங்கள். தரைக்கு மேல் நாலு விரல், ஆறு விரல் விட்டு வெட்டியிருப்பார்கள். குனிந்து குனிந்து இடுப்பு விட்டுப்போகிறவர்களுக்கு அது எளிது. ஆனால் கரும்பில் கனமும் இனிப்பும் அடிக்கணுவில்தான். அந்த நாலு விரலை ஏக்கர் முழுக்க விட்டால் டன் கணக்கில் நஷ்டம். அது மட்டுமா, உயரமான கட்டையில் மேல் பருக்கள் (கணுவில் உள்ள முளைகள்) முளைத்து, வேர் தரையில் ஊன்றாமல் மறுதாம்பும் சாய்ந்துபோகும். ஒட்ட வெட்டினால் டன்னுக்கு ஐம்பது ரூபாய் கூடத் தருகிறேன் என்று முன்கூட்டியே பேசிவிடுங்கள். கொடுத்த பணம் எடைச் சீட்டிலேயே திரும்பி வந்துவிடும்.

இனி நிலத்துக்கு வருவோம். நிற்கிற இரண்டாம் மறுதாம்போடு இந்தக் கட்டையை முடித்துக்கொள்ளுங்கள். மூன்றாவது வேண்டாம். செலவு குறைவு என்று நாலைந்து மறுதாம்பு விடுகிறவர்கள் நம் பக்கம் நிறைய. விளைச்சல் இறங்கிக்கொண்டே போகும்போது, அரைகுறையாக நிற்கும் வயலுக்கு வெட்டு ஆளும் வர மாட்டார், டன் கணக்குக் கூலியில் அவருக்குக் கட்டுப்படியாகாது.

அடுத்த நடவில் நாலு ஏக்கரும் கரும்பாக வேண்டாம், இரண்டு போதும். அந்த இரண்டையும் ஐந்தடிப் பாரில், அதாவது வரிசைக்கு வரிசை ஐந்தடி விட்டு, நடுங்கள். கரும்பு உதவியாளர் சொல்வது இந்த விஷயத்தில் சரியான யோசனை. ஒற்றைப் பருவைச் செதுக்கி எடுத்துக் குழித்தட்டில் வளர்த்த ஒரு மாத நாற்று, ஐந்தடிக்கு இரண்டடி இடைவெளி, ஏக்கருக்கு 5,000 நாற்று போதும். பழைய முறையில் விதைக்கரணைக்கே ஏக்கருக்கு மூன்று நாலு டன் கரும்பு போகும், அது மிச்சம். சர்க்கரை இனம் என்றால் கோ 86032 உங்கள் அப்பாவுக்குக் கைப்பழக்கமான ரகமாகத்தான் இருக்கும். முன்பட்டத்தில் சீக்கிரம் வெட்ட வேண்டுமென்றால் கோயம்புத்தூர் கரும்பு இனப்பெருக்கு நிறுவனத்தின் கோ 11015ஐக் கேட்டுப் பாருங்கள்.

ஐந்தடிப் பாருக்கு முக்கியக் காரணம் நாற்றுச் செலவு அல்ல, இயந்திரம். அறுவடை இயந்திரம் இரண்டரை, மூன்றடிப் பாரில் நுழையாது. உங்கள் இரண்டு ஏக்கருக்காக மட்டும் அதை ஊருக்குள் கொண்டுவர யாரும் இசைய மாட்டார்கள். வரப்பை ஒட்டிய நாலைந்து பேரிடம் பேசி, பத்து ஏக்கராவது ஒரே ரகம், ஒரே பதினைந்து நாளுக்குள் நடவு என்று சேர்த்துக்கொள்ளுங்கள். வயலின் இரு தலைப்பிலும் வண்டி திரும்ப இடம் விட வேண்டும். குழாய், கல், கட்டை எல்லாம் அப்புறப்படுத்த வேண்டும். இயந்திரம் வெட்டிய கரும்பில் தோகை, மண் கலந்திருக்கிறது என்று ஆலையில் எடைப் பிடித்தம் இருக்கும். எத்தனை சதவீதம் என்பதை வெட்டுவதற்கு முன்பே எழுத்தில் வாங்குங்கள், பின்னால் வாய்ப்பேச்சு நிற்காது. துண்டு துண்டாக வெட்டிய கரும்பு முழுக் கரும்பைவிடச் சீக்கிரம் கெடும். வண்டி ஆலை வாசலில் ஒரு ராத்திரி நின்றால்கூட இழப்புதான்.

ஊரில் எல்லோரும் தையில் நடுகிறார்கள், எல்லோருக்கும் ஒரே நேரத்தில் முற்றுகிறது, எல்லோரும் ஒரே செட்டுக்கு அடித்துக்கொள்கிறார்கள். உங்கள் கூட்டம் மார்கழியிலேயே நட்டுப் பதிவு போட்டுவிட்டால் வெட்டு வரிசையிலும் முன்னால் நிற்பீர்கள். பதிவுத் தேதியை உதவியாளரின் நோட்டில் பார்த்து, செல்போனில் ஒரு படம் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். தேதி முன்னே பின்னே நகர்வதாகப் புகார் வராத ஊரே கிடையாது.

மற்ற இரண்டு ஏக்கருக்குச் சவுக்கா என்றால், ஒரு ஏக்கர் போடலாம். 63 வயதுக்காரருக்கு வேலை குறைந்த பயிர் ஒன்று வேண்டும்தான். ஆனால் மூன்று வருஷத்துக்குப் பணம் முடங்கிப்போகும். ஊரில் பாதிப் பேர் ஒரே வருஷத்தில் போட்டிருந்தால் ஒரே வருஷத்தில் வெட்டுவார்கள், விலை என்ன ஆகும் என்று யோசியுங்கள். சவுக்கு வெட்டவும் ஆள்தான் வேண்டும். மீதி ஒரு ஏக்கரில் மணிலா (நிலக்கடலை), உளுந்து என்று கைச்செலவுக்கு வருகிற பயிர். பல வருஷம் கரும்பே நின்ற மண்ணுக்குப் பயறு வகை ரொம்ப நல்லது.

வெல்லம் விஷயத்தில் சித்தப்பாவை முழுசாக ஒதுக்க மாட்டேன். ஒரு டன் கரும்பில் ஏறக்குறைய 100 கிலோ வெல்லம் இறங்கும். ஆலைக்கு 3,500 ரூபாய்க்குப் போகிற கரும்பு என்று வைத்தால், கிலோவுக்கு 35 ரூபாய் கரும்புக்கே போய்விடும். அதற்கு மேல் கரும்பைப் பிழியும் கூலி, காய்ச்சுகிறவர் சம்பளம், கொட்டகை வாடகை. எரிக்கச் சக்கை இருக்கிறது, அது ஒன்றுதான் இலவசம். மண்டியில் உங்கள் வெல்லத்துக்குப் போட்டி சர்க்கரை கலந்து ஹைட்ராஸ் என்ற ரசாயனம் போட்டு வெளுத்த வெல்லம். கவுந்தப்பாடி மாதிரி ஒழுங்குமுறை விற்பனைக்கூடமும், பழனி கோயில் மாதிரி வாடிக்கையும் இருக்கிற ஊரில் நாட்டுச் சர்க்கரைக்காரர் நிற்க முடிகிறது. உங்கள் பக்கம் அது இல்லை. வெல்லத்தில் எனக்குப் பிடித்த ஒரே அம்சம், தினம் ஒன்றிரண்டு டன் மட்டும் வெட்டினால் போதும், வீட்டு ஆளே வெட்டிக்கொள்ளலாம். அதனால் பொங்கலை ஒட்டி, அந்த இரண்டு ஏக்கர் கரும்பில் அரை ஏக்கர், சித்தப்பாவோடு பங்கு, ஏற்கெனவே இருக்கிற கொட்டகையில். அந்த அரை ஏக்கரை ஆலைக்குப் பதிவு செய்யாதீர்கள். பதிவு போட்டு, ஆலைக் கடன் வாங்கிவிட்டு, கரும்பை வெல்லத்துக்குத் திருப்பினால் வம்பு.

கடன் படிவத்துக்கு வருகிறேன், இதில் அவசரம் வேண்டாம். நாலு ஏக்கர் உள்ள உங்கள் அப்பா சிறு விவசாயி. சொட்டு நீருக்கு அரசு நிர்ணயித்த அலகு விலை வரை அவருக்கு 100 சதவீத மானியம். வட்டாட்சியர் அலுவலகத்தில் சிறு, குறு விவசாயி சான்று வாங்கி, தோட்டக்கலை அல்லது வேளாண்மைத் துறையில் நேரே விண்ணப்பிக்கலாம். அப்புறம் எதற்குக் கடன்? பயிர்க் கடனாக இருந்தால் நல்லதே, ஆனால் எந்த வங்கி, எவ்வளவு தொகை, பணம் யார் கணக்குக்குப் போகும் என்ற மூன்றும் படிவத்தில் நிரப்பியிருக்க வேண்டும். வெற்றுப் படிவத்தில் கையெழுத்து வேண்டவே வேண்டாம். விவசாயிகள் பெயரில் ஆலை கடன் வாங்கி, பணம் அவர்கள் கைக்கே வராமல், வங்கி நோட்டீஸ் மட்டும் வீட்டுக்கு வந்த கதை காவிரிப் படுகையில் நடந்திருக்கிறது. பல வருஷம் போராடியும் அந்தக் குடும்பங்களுக்கு வேறு கடன் கிடைக்கவில்லை. உங்கள் உதவியாளர் நல்லவராகவே இருக்கலாம். படிவத்தை வீட்டுக்கு எடுத்துவந்து நீங்கள் படித்த பிறகு அப்பா கையெழுத்துப் போடட்டும்.

அப்பாவிடம் ‘விட்டுவிடுங்கள்’ என்ற பேச்சை நிறுத்துங்கள். முப்பது வருஷமாக அந்த வீட்டில் அக்கா கல்யாணமும் கிணறு ஆழப்படுத்தியதும் உங்கள் காலேஜ் ஃபீஸும் ‘ஆலைப் பணம் வந்ததும்’ என்று சொல்லித்தான் நடந்திருக்கும். மளிகைக் கடைக்காரர் கடன் கொடுப்பதும் ஆலைச் சீட்டைப் பார்த்துத்தான். உளுந்து போட்டால் அந்தச் சீட்டு கிடையாது. அவர் பயப்படுவது அதற்கு. இரண்டு ஏக்கர் கரும்பு இருந்தால் பதிவும் சீட்டும் இருக்கும், மரியாதையும் இருக்கும். மார்கழியில் நட்டு உரிய நாளில் வெட்டினால் இரண்டு ஏக்கரில் கையில் என்ன நிற்கும், நாலு ஏக்கரைப் பதினாலு மாதம் நிறுத்தியதில் என்ன நின்றது என்று இரண்டு கணக்கையும் ஒரே தாளில் எழுதி அவரையே கூட்டச் சொல்லுங்கள். பதில் சொல்லாமல் வயலுக்குப் போய்விட்டாலும் பரவாயில்லை, தாள் வீட்டில் இருக்கட்டும்.

இப்போது நிற்கும் பயிருக்கு உடனே செய்ய வேண்டியது: பத்தாவது மாதம் முடிந்ததும் உதவியாளரை வரச் சொல்லி, கைக்கருவியில் பிரிக்ஸ், அதாவது சாற்றின் இனிப்பு அளவு, பாருங்கள். அடிக்கணுவும் நுனிக்கணுவும் ஏறக்குறைய ஒரே அளவு காட்டி, 18க்கு மேல் இருந்தால் கரும்பு தயார். அந்தத் தேதியைச் சொல்லி வெட்டு உத்தரவுக்கு எழுத்தில் விண்ணப்பம் கொடுத்து, ஒப்புகைக் கையெழுத்து வாங்குங்கள். உத்தரவு தள்ளிப்போனால் தண்ணீரை அடியோடு நிறுத்தாமல் லேசாகக் காட்டிக்கொண்டிருங்கள், வயலைக் காயப்போட்டால் எடை விழும். வெட்டும் தேதி உறுதியான பிறகு பத்துப் பதினைந்து நாள் நிறுத்தினால் போதும். ஆள் சீக்கிரம் வருவார்கள் என்று யாராவது வயலுக்குத் தீ வைக்கச் சொன்னால் கேட்காதீர்கள், எரிந்த கரும்பு ஒரே நாளில் புளிக்கத் தொடங்கிவிடும். வெட்டின தோகையையும் கொளுத்த வேண்டாம். ஏக்கருக்கு மூன்று நாலு டன் தேறும், தூளாக்கும் இயந்திரம் கிடைத்தால் அரைத்து மண்ணோடு மடக்கி உழுதுவிட்டு உளுந்து தெளியுங்கள்.